அதே துப்பாக்கி, வேற ஸ்டேட்டு

போன மாசம் டெக்சாஸ விட்டு வாஷிங்டன் ஸ்டேட்டுக்கு வீடு மாத்தினோம். டிசி இல்லங்க, மேல வடமேற்கு மூலையில சியாட்டில் இருக்கே அந்த வாஷிங்டன். பதினோரு வருஷம் டாலஸ் பக்கத்துல இர்விங்ல இருந்தாச்சு, சேர்ந்த சாமான் கொஞ்ச நஞ்சம் இல்ல, இட்லி கொப்பரைல இருந்து பசங்க கட்டில் வரைக்கும் ஒவ்வொண்ணா லிஸ்ட் போட்டு மூவர்ஸ் கிட்ட குடுக்கணும், அத எழுதிட்டு இருக்கும் போது தான் சியாட்டில் பக்கத்துல பெல்வியூல இருக்குற ஃப்ரெண்டு போன் பண்ணான். "எல்லாம் சரி மச்சி, அந்த ரைஃபிள மட்டும் இங்க கொண்டு வந்துடாத"ன்னான். நான் சிரிச்சுட்டேன். ஏன்டா, கடையில ரசீதோட வாங்கினது, செக்கிங் எல்லாம் முடிஞ்சது, என்ன கடத்தல் சாமானான்னு கேட்டேன். "ஸ்டேட் போர்டர தாண்டுனா அது கடத்தல் சாமான் தான்டா"ன்னு சொல்லி வெச்சுட்டான்.

அன்னைக்கு ராத்திரி லேப்டாப்ப தொறந்தவன் ரெண்டு வாரம் அதையே தான் படிச்சுட்டு இருந்தேன். நான் வக்கீல் கிடையாது, டேட்டாபேஸ் ஆளு. ஆனா நம்ம ஆளுங்க நெறைய பேரு இங்க துப்பாக்கி வாங்கறாங்க, வாங்காதவங்க கூட ஊர்ல இருந்து யாராச்சும் வந்தா ஷூட்டிங் ரேஞ்சுக்கு கூட்டிட்டு போறாங்க, அதுல எங்கெங்க குழி இருக்குன்னு முக்கால்வாசி பேருக்கு தெரியாது, எனக்கும் தெரியாம தான் இருந்துச்சு. அதான் இந்த போஸ்ட். உங்களுக்கு ஏதாச்சும் முடிவு எடுக்கணும்னா காசு போனா போகுதுன்னு ஒரு வக்கீல பாருங்க.

மொதல்ல நான் ஏன் வாங்கினேன்னு கேப்பீங்க. கோபிச்செட்டிபாளையம் பக்கம் எங்க தாத்தாகிட்ட ஒரு ஒத்தக்குழல் துப்பாக்கி இருந்துச்சு, கரும்பு காட்டுக்குள்ள பன்னி வருதுன்னு லைசென்ஸ் வாங்கி வெச்சிருந்தாரு. எலெக்சன் வந்தா போதும், ஸ்டேஷன்ல ஒப்படைக்கணும், அவரு அத பழைய வேட்டியில சுத்தி சைக்கிள் பார்ல கட்டி ஸ்டேஷனுக்கு தள்ளிட்டு போறத சின்ன வயசுல பாத்திருக்கேன். ரிசல்ட் வந்தப்புறம் திரும்ப போய் கையெழுத்து போட்டு எடுத்துட்டு வருவாரு. அந்த லைசென்ஸ் புக்க ரேஷன் கார்டு மாதிரி தகர பொட்டியில வெச்சிருந்தாரு. மத்தபடி அந்த துப்பாக்கி சுட்டு நான் பாத்ததே இல்ல. தீபாவளிக்கு ஒரு தடவ எண்ணெய் போட்டு தொடைப்பாரு, அவ்வளவு தான்.

அந்த வீட்டுல வளந்தவன் 2021ல டெக்சாஸ்ல ஒரு கடைக்குள்ள போறேன், பெயிண்ட் கடை மாதிரி சுவத்துல வரிசையா மாட்டி வெச்சிருக்கான். அப்ப தான் கிரீன் கார்டு வந்திருந்துச்சு (ஈபி1ங்க, க்யூ சின்னது, வயித்தெரிச்சல் படாதீங்க). 4473ன்னு ஒரு ஃபார்ம் குடுத்தான், பேரு, அட்ரஸ், இமிக்ரேசன் ஆபீஸ் (யுஎஸ்சிஐஎஸ்) குடுத்த நம்பர், எந்த நாட்டு குடிமகன், ஜெயிலுக்கு போயிருக்கியா, கஞ்சா அடிப்பியா, பொண்டாட்டிய அடிச்சு கேஸ் ஆயிருக்கா இப்படி வரிசையா கேள்வி. டெக்சாஸ்ல ஸ்டேட் லைசென்ஸ்னு ஒண்ணு கிடையாது, ரிஜிஸ்டர் பண்றதும் கிடையாது, எஃப்பிஐயோட செக்கிங் மட்டும் தான். எனக்கு உடனே ஓகே வரல, 'டிலே'ன்னு வந்துச்சு, சிட்டிசன் இல்லாதவங்களுக்கு இமிக்ரேசன் ரெக்கார்டையும் பாக்கணும்ல அதனால இருக்கும்னு கடைக்காரரு சொன்னாரு. ரெண்டு நாள் கழிச்சு போய் எடுத்துட்டு வந்தேன். அறுநூத்தி சொச்சம் டாலர். தாத்தா ஒரு லைசென்ஸ் ரினீவலுக்கு தாலுகா ஆபீசுக்கு நடந்த நடைய நெனச்சா எனக்கே ஒரு மாதிரி தான் இருந்துச்சு.

வாங்கினது ஏஆர்-15 டைப். இதுல ஏஆர்ன்னா அசால்ட் ரைஃபிள்னு பாதி பேரு நெனச்சுட்டு இருக்காங்க, அது இல்ல, ஆர்மலைட்ங்கற கம்பெனி பேரு. 1950கள்ல யூஜின் ஸ்டோனர்ங்கற இஞ்சினியர் அங்க டிசைன் பண்ணது, அப்புறம் 1959ல கோல்ட் கம்பெனி ரைட்ஸ வாங்கிருச்சு, மிலிட்டரிக்கு போனது எம்16, பொதுஜனத்துக்கு வந்தது ஏஆர்-15. பொதுஜன மாடல்ல விசைய ஒரு தடவ அழுத்துனா ஒரு குண்டு தான், அழுத்தி புடிச்சா தடதடன்னு போறது எல்லாம் மெஷின் கன், அதுக்கு 1934ல இருந்தே தனி சட்டம், 1986 மே மாசத்துக்கு அப்புறம் செஞ்சது எதையும் சாதாரண ஆளு வாங்கவே முடியாது. அது வரைக்கும் நாடு முழுக்க பொதுவா ஒரு ஃபெடரல் சட்டம் இருக்கு. கொழப்பம் எல்லாம் அதுக்கு கீழ, ஒரு அழுத்துக்கு ஒரு குண்டு போற இந்த செமி ஆட்டோமேட்டிக்ல தான்.

நாடு முழுக்க ஒரு தடை இருந்துச்சுங்க. 1994 செப்டம்பர்ல கிளிண்டன் கையெழுத்து போட்டது, அதுலயே பத்து வருஷத்துல தானா காலாவதி ஆகும்னு எழுதி வெச்சிருந்தாங்க, 2004 செப்டம்பர்ல காங்கிரஸ் (இங்கத்த பார்லிமென்ட்) அத நீட்டிக்கல, முடிஞ்சு போச்சு. அதுக்கப்புறம் ஸ்டேட்டு பாடு. இப்ப ஒரு பத்து பதினோரு ஸ்டேட்ல ஏதோ ஒரு ரூபத்துல தடை இருக்கு, கலிபோர்னியா, நியூயார்க், நியூ ஜெர்சி, கனெக்டிகட், மேரிலண்ட், மாசசூசெட்ஸ், டெலவேர், இல்லினாய், வாஷிங்டன் இப்படி, ஹவாய்ல கைத்துப்பாக்கி வகைக்கு மட்டும், ரோட் ஐலண்ட்ல 2025ல சட்டம் போட்டு 2026 ஜூலை 1 ல இருந்து விக்கறத தடை பண்ணாங்க. கவனிச்சீங்களா, நம்ம ஆளுங்க அதிகமா இருக்குற பே ஏரியா, எடிசன், சிகாகோ, சியாட்டில் எல்லாம் இந்த லிஸ்ட்ல வந்துருது, டாலஸ், ஆஸ்டின், அட்லாண்டா, சார்லட் எல்லாம் வெளிய இருக்கு. ஒரு ஆஃபர் லெட்டர் வந்தா நம்ம இந்த கோட்ட தாண்டுறோம்.

இங்க எல்லாரும் தடை பண்றது 'துப்பாக்கி'யன்னு நெனச்சேன். இல்ல. பாதி ஸ்டேட்ல தடை பண்றது துப்பாக்கியில இருக்குற உதிரி பாகத்த.

இத எனக்கு புரிய வெச்சது கலிபோர்னியால ஃப்ரீமாண்ட்ல இருக்குற என் காலேஜ் ஜூனியர். ஒரு தடவ அங்க போனப்ப ரேஞ்சுக்கு கூட்டிட்டு போனான், அவன் ரைஃபிள பாத்து எனக்கு சிரிப்ப அடக்க முடியல. கைப்பிடி இருக்குற எடத்துல மீனு துடுப்பு மாதிரி ஒரு பிளாஸ்டிக் பட்டை நீட்டிட்டு நிக்குது. பெருவிரல சுத்தி புடிக்கவே முடியாது, அது ஒரு பக்கமே தொங்கும், மண்வெட்டி பிடி ஒடஞ்சு போனா அவசரத்துக்கு ஏதோ கட்டைய சொருகி வேல பாப்பாங்கல்ல அந்த மாதிரி. "அண்ணா சிரிக்காதீங்க, இந்த துடுப்பு இருந்தா நான் நல்ல பிரஜை, இத கழட்டிட்டு நார்மல் கிரிப்ப மாட்டுனா நான் ஃபெலன், பெரிய குத்தவாளி"ன்னான். கிரிப் மாத்தற ஸ்க்ரூ ஒண்ணே ஒண்ணு தாங்க. ஒரு ஸ்க்ரூ.

கலிபோர்னியா கதைய கொஞ்சம் சொல்லணும், ஏன்னா மொதல்ல இந்த மாதிரி தடை போட்ட ஸ்டேட் அது தான். 1989 ஜனவரியில ஸ்டாக்டன்ல ஒரு ஆரம்ப பள்ளிக்கூட மைதானத்துல ஒருத்தன் சுட்டு அஞ்சு குழந்தைங்க செத்துப் போனாங்க, கம்போடியா, வியட்நாம்ல இருந்து அகதியா வந்த குடும்பத்து குழந்தைங்க. அந்த வருஷமே ராபர்ட்டி-ரூஸ் சட்டம் வந்துச்சு, குறிப்பிட்ட மாடல் பேரெல்லாம் எழுதி தடை. கம்பெனிக்காரன் என்ன பண்ணான், பேர மாத்தி அதே துப்பாக்கிய வித்தான். சரின்னு 1999ல பேர விட்டுட்டு பாகத்த புடிச்சாங்க: மேகசின (தோட்டா போட்டு மாட்டுற டப்பா) கழட்ட முடியற செமி ஆட்டோமேட்டிக் ரைஃபிள்ல தனியா கீழ நீட்டுற பிஸ்டல் கிரிப்போ, மடக்குற நீட்டுற ஸ்டாக்கோ (தோள்ல வெக்கற பின் கட்டை), முன்னாடி ஒரு கிரிப்போ, குழல் வாயில நெருப்பு தெரியாம தடுக்குற ஃப்ளாஷ் சப்ரஸரோ இதுல ஏதாச்சும் ஒண்ணு இருந்தா தடை. அதுக்கும் வழி கண்டுபுடிச்சாங்க, மேகசின விரலால கழட்ட முடியாத மாதிரி ஒரு சின்ன பட்டன், தோட்டா முனைய விட்டு குத்துனா தான் கழண்டு வரும், புல்லட் பட்டன்னு பேரு, டூல் வேணும்னா அது 'கழட்ட முடியற' மேகசின் இல்லயாம்! 2015 டிசம்பர்ல சான் பெர்னார்டினோல நடந்த துப்பாக்கிச்சூட்டுக்கு அப்புறம் அதையும் அடைச்சாங்க, 2017ல இருந்து துப்பாக்கியோட ஆக்சனையே (சுடுற மெக்கானிசம்) பிரிச்சா தான் மேகசின் வரணும், இல்லன்னா மேல சொன்ன பாகம் ஒண்ணு கூட இருக்க கூடாது. அங்க இருந்து தான் இந்த மீன் துடுப்பு பொறந்துச்சு.

இதே குண்ட சுடுற இன்னொரு ரைஃபிள் இருக்கு, ரூகர் மினி-14. மர ஸ்டாக்கு, பாத்தா தாத்தா காலத்து வேட்டை துப்பாக்கி மாதிரி இருக்கும். அதே வேகம், அதே மாதிரி கழட்டி மாட்டுற மேகசின். அதுல பிஸ்டல் கிரிப் இல்ல, அதனால பத்து ரவுண்டு (தோட்டா) புடிக்கிற மேகசினோட கலிபோர்னியால தாராளமா வாங்கலாம். கறுப்பா இருந்தா தப்பு மர கலர்ல இருந்தா சரிங்கற மாதிரி ஆயிருச்சுன்னு துப்பாக்கிக்காரங்க கிண்டல் பண்றதுல எனக்கும் பாதி உடன்பாடு தான்.

மேரிலண்ட் இன்னும் வேடிக்கை. 2013 சட்டத்துல நாப்பது சொச்சம் துப்பாக்கி பேர் போட்டு தடை, அதுல கோல்ட் ஏஆர்-15ம் இருக்கு, ஆனா அதே வரியில 'ஸ்போர்ட்டர் எச்-பார் மாடல் தவிர'ன்னு ஒரு வால். எச்-பார்ன்னா கனமான பேரல் (குழல்) போட்ட ஏஆர்-15, அவ்வளவு தான். பேரல் தடிமனா இருந்தா ஓகே, ஒல்லியா இருந்தா குத்தம்.

நியூ ஜெர்சி வேடிக்கை இல்ல, பயம். 1990ல இருந்தே தடை. அங்க 1996ல ஒரு அப்பீல் கேஸ், ஒருத்தரு குறி பாத்து சுடுற போட்டியில ஜெயிச்சதுக்கு பரிசா ஒரு மார்லின் ரைஃபிள் குடுத்திருக்காங்க. .22 தான், முயல் அணில் அடிக்குறது. மனுசன் அத அப்படியே சேஃப்ல வெச்சு பூட்டிட்டாரு. அந்த மாடல்ல குழாய் மேகசின்ல பதினேழு தோட்டா போகும், அப்ப இருந்த சட்டம் பதினஞ்சுன்னு சொல்லுச்சு. மேனுவலையே நான் படிக்கலங்க, எத்தன போகும்னே தெரியாதுன்னு சொல்லி பாத்தாரு, துப்பாக்கி வெச்சிருந்தா தெரிஞ்சுக்கறது உன் பொறுப்புன்னு கோர்ட் தண்டனைய உறுதி பண்ணிருச்சு. நான் என் மேனுவல படிச்சிருக்கேனான்னு யோசிச்சு பாத்தேன். ஃப்ரிட்ஜ் மேனுவல் கூட படிச்சதில்ல நான்.

சரி, வாஷிங்டனுக்கு வரேன். 2023 ஏப்ரல் 25 அன்னைக்கு அப்ப கவர்னரா இருந்த ஜே இன்ஸ்லி எச்பி 1240ங்கற மசோதாவுல கையெழுத்து போட்டாரு, அன்னைக்கே அமல். விக்க கூடாது, செய்ய கூடாது, வெளிய இருந்து ஸ்டேட்டுக்குள்ள கொண்டு வர கூடாது. ஏற்கனவே அங்க வெச்சிருக்குறவங்க வெச்சுக்கலாம், அவங்க அத எடுத்துட்டு ஐடஹோக்கு வேட்டைக்கு போயிட்டு திரும்பி வரலாம், அது இறக்குமதி இல்லன்னு சட்டத்துலயே எழுதி இருக்கு. புதுசா குடி வர்றவனுக்கு அந்த சலுகை கிடையாது. என் ஃப்ரெண்டோட பக்கத்து வீட்டுக்காரரு 2022ல வாங்கின அதே மாடல், அதே பேரல் நீளம், கராஜ்ல வெச்சு தொடைச்சுட்டு இருக்காரு, அவரு ஓகே. நான் அத வண்டியில வெச்சு கொண்டு போனா குத்தம். வெக்கறது தப்பில்ல, நொழையறது தான் தப்பு!

ஒரு ஞாயித்துக்கிழமை பசங்க தூங்கினப்புறம் ரைஃபிள எடுத்து டைனிங் டேபிள்ல பழைய துண்டு விரிச்சு வெச்சேன். காலியா இருக்கான்னு ரெண்டு தடவ பாத்துட்டு சட்டத்த ஒரு பக்கம் தொறந்து வெச்சுட்டு ஒவ்வொண்ணா டிக் அடிச்சேன். பிஸ்டல் கிரிப், இருக்கு. ஸ்டாக்கு லீவர அமுக்கி இழுத்தா டக் டக்குனு ஆறு எடத்துல நிக்கும், இருக்கு. பேரல் நுனியில மரை, இருக்கு. அதுல மாட்டின குருவிக்கூண்டு மாதிரி ஃப்ளாஷ் ஹைடர், இருக்கு. பேரல சுத்தி கை சுடாம இருக்க ஒரு ஒறை, அதுவும் லிஸ்ட்ல இருக்கு. மார்க் ஷீட் போட்டா நூத்துக்கு நூறு. ஜூனியர் மாதிரி துடுப்ப மாட்டி ஒப்பேத்தலாமான்னு பாத்தா அதுக்கும் வழி இல்ல, ஏன்னா இங்க பாகம் லிஸ்ட் தவிர பேர் லிஸ்ட்டும் இருக்கு, அதுல ஏஆர்-15 எந்த ரூபத்துல இருந்தாலும்னு ஒரே வரியில முடிச்சிருக்காங்க. கலிபோர்னியாக்காரன் கத்துக்குட்டிங்க, இவங்க அவனோட முப்பது வருஷ தப்ப பாத்து கத்துக்கிட்டு எழுதிருக்காங்க. தண்டனை மட்டும் ஒப்பிட்டா கம்மி, இங்க கிராஸ் மிஸ்டிமீனர் (ஃபெலனிக்கு கீழ உள்ள குத்தம்), ஒரு வருஷத்துக்கு ஒரு நாள் கம்மி வரைக்கும் ஜெயில். கலிபோர்னியாக்குள்ள கொண்டு போனா நாலு, ஆறு, எட்டு வருஷம்னு போகுது.

"சின்ன கேஸ் தான, பாத்துக்கலாம்"னு சிட்டிசன் சொல்லலாம். நம்ம சொல்ல முடியாது. இது தான் நான் இந்த போஸ்ட்டே எழுதறதுக்கு காரணம். இமிக்ரேசன் சட்டத்துல துப்பாக்கிக்குன்னே தனி பிரிவு இருக்கு, எந்த சட்டமா இருந்தாலும் சரி, அத மீறி துப்பாக்கிய வாங்கினது வித்தது வெச்சிருந்தது எதுக்காச்சும் தண்டனை ஆச்சுன்னா நாடு கடத்தலாம், கிரீன் கார்டா இருந்தாலும். அது ஃபெலனியா மிஸ்டிமீனரான்னு அந்த பிரிவுல பேச்சே இல்ல. பதினோரு வருஷம், ரெண்டு பசங்க, வீட்டு லோனு, எல்லாம் ஒரு நீட்டுற ஸ்டாக்குக்காக.

எச்1பி வேலை விசாவுல இருக்குறவங்களுக்கு இன்னொரு குழி. ஃபெடரல் சட்டப்படி நான்-இமிக்ரன்ட் (தற்காலிக) விசாவுல இருக்குறவங்க துப்பாக்கியோ தோட்டாவோ தொடவே கூடாது, அதுக்கு சில விதிவிலக்கு, அதுல எல்லாரும் புடிச்சுக்கறது வேட்டை லைசென்ஸ். எங்க ஆபீஸ்ல எச்1பில ஒருத்தரு, சுத்த சைவம், முட்ட போட்ட கேக் கூட சாப்பிட மாட்டாரு, அவரு கிட்ட டெக்சாஸ் வேட்டை லைசென்ஸ் இருக்கு. இருபத்தஞ்சு டாலர். "நான் மான அடிக்க போறதில்ல, பேப்பர் வேணும் அவ்வளவு தான்"பாரு. அதுல என்னன்னா டெக்சாஸ் லைசென்ஸ் எப்ப வாங்கினாலும் ஆகஸ்ட் 31 வரைக்கும் தான். அன்னைக்கு ராத்திரி பன்னெண்டு மணி தாண்டி ரினீவ் பண்ணாம பீரோல துப்பாக்கி இருந்துச்சுன்னா, செப்டம்பர் 1 காலையில காபி குடிக்கும் போது அவரு ஃபெடரல் குத்தவாளி, 2022ல இருந்து அதுக்கு அதிகபட்சம் 15 வருஷம். நான் சொன்னப்ப மனுசன் அங்கயே போன எடுத்து அலாரம் வெச்சாரு.

இத விட மோசம், ஊர்ல இருந்து வர்றவங்கள ரேஞ்சுக்கு கூட்டிட்டு போறது. வேகாஸ் போனா கேசினோ, நீரூற்று, அப்புறம் மச்சினனுக்கு ஒரு மெஷின் கன்னு, நம்ம ஆளுங்க டூர் பிளான்லயே இருக்கும். பி2 டூரிஸ்ட் விசாவுல வந்தவருக்கும் இதே தடை தான், வாடகைக்கு எடுத்து அஞ்சு நிமிசம் கையில புடிச்சா கூட அது 'வெச்சிருக்கறது' தான். வேட்டை லைசென்ஸ் மாதிரி ஏதாச்சும் இல்லாம பண்ண கூடாது. சும்மா பயமுறுத்தறேன்னு நெனைக்காதீங்க, 2019ல சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போன ரெஹாயிஃப் கேஸே அதான். அரபு எமிரேட்ஸ்ல இருந்து ஸ்டூடன்ட் விசாவுல ஃப்ளோரிடா வந்த பையன், மார்க் கம்மியாகி காலேஜ்ல இருந்து நீக்கிட்டாங்க, விசா ஸ்டேட்டஸ் போச்சு, அப்புறம் ரேஞ்சுக்கு போய் சுட்டான், அது தான் கேஸ். தனக்கு ஸ்டேட்டஸ் இல்லன்னு அவனுக்கு தெரியும்ங்கறத கவர்மென்ட் நிரூபிக்கணும்னு கோர்ட் சொல்லுச்சு, அது வரைக்கும் இழுத்தது எத்தன வருஷமோ எத்தன காசோ. என் மாமனாரையும் 2022ல நான் கூட்டிட்டு போயிருக்கேன். ஃபோட்டோ குடும்ப குரூப்ல இருக்கு. இருந்துச்சு.

கோர்ட்டு எல்லாத்தையும் தூக்கிரும்னு ஒரு கூட்டம் காத்துட்டு இருக்கு. 2022 ஜூன்ல ப்ரூவன் தீர்ப்புல நாட்டோட பழைய வழக்கத்துல இல்லாத துப்பாக்கி கட்டுப்பாடு செல்லாதுன்னு சுப்ரீம் கோர்ட் சொன்னதுல இருந்து இந்த நம்பிக்கை. சான் டியேகோ ஜட்ஜ் பெனிடெஸ் 2021ல ஏஆர்-15 ஸ்விஸ் ஆர்மி கத்தி மாதிரின்னு எழுதி கலிபோர்னியா தடைய ரத்து பண்ணாரு, மேல் கோர்ட் நிறுத்தி வெச்சுது, 2023ல மறுபடி ரத்து பண்ணாரு, மறுபடி நிறுத்தி வெச்சாங்க. மேரிலண்ட் கேஸ் 2025 ஜூன்ல சுப்ரீம் கோர்ட் வாசல் வரைக்கும் போய் எடுக்க மாட்டோம்னு திருப்பி அனுப்பிட்டாங்க, அதுல ஜஸ்டிஸ் கவனா மட்டும் அடுத்த ஒண்ணு ரெண்டு வருஷத்துல எடுத்தாகணும்னு தனியா எழுதி வெச்சாரு. நம்ம ஊரு காவேரி கேஸ் மாதிரி தான், வாய்தா நடந்துட்டே இருக்கும், அதுக்குள்ள நான் வீடு மாறணும்.

இவ்வளவு பொலம்பறேனே, அப்ப நீ தடைக்கு எதிரான்னு கேட்டா என்கிட்ட நேர் பதில் இல்ல. 2023 மே 6, சனிக்கிழமை, டாலஸ் பக்கத்துல ஆலன் அவுட்லெட் மால்ல ஒருத்தன் சுட்டு எட்டு பேரு போயிட்டாங்க. அதுல ஹைதராபாத் பக்கத்துல இருந்து வந்த ஒரு இஞ்சினியர் பொண்ணு. டாலஸ்ல இருக்குறவங்களுக்கு தெரியும், ஊர்ல இருந்து அம்மா அப்பா வந்தா மொத வாரமே நம்ம கூட்டிட்டு போற மால் அது. எங்கம்மாவுக்கு அங்க வாங்கின செருப்பு ஒரு சைஸ் பெருசு, மாத்தறதுக்காக பில்ல ஃப்ரிட்ஜ்ல காந்தத்துல ஒட்டி வெச்சிருந்தோம். அத மாத்தவே இல்ல. அம்மா முன்னாடி பஞ்ச வெச்சுட்டு அதே செருப்போட தான் ஊருக்கு போனாங்க. அன்னைக்கு அவன் கொண்டு வந்ததும் ஏஆர்-15 டைப் தான், டிவியில காட்டுனாங்க, எங்க வீட்டு க்ளாசெட் சேஃப்ல இருக்குற அதே உருவம். என் பொண்டாட்டி எதுவும் சொல்லல. ரெண்டு நாள் கழிச்சு துணி மடிச்சுட்டு இருக்கும் போது "ஏங்க, அது நமக்கு எதுக்குங்க"ன்னு மட்டும் கேட்டா. பன்னி வருதுன்னு சொல்ல எனக்கு கரும்பு காடும் இல்ல.

அதுக்கப்புறமும் ரெண்டு வருஷத்துக்கு மேல அத வெச்சிருந்தேன், அது தான் உண்மை. மாசம் ஒரு தடவ ரேஞ்சுக்கு போவேன், ஒரு மணி நேரம் மண்டையில வேற எதுவும் ஓடாது, அது எனக்கு புடிச்சிருந்துச்சு. ஸ்க்ரூவுக்கு எல்லாம் சட்டம் போடறது கிறுக்குத்தனம்னு இப்பவும் சொல்வேன். மினி-14க்கு ஒரு நியாயம் ஏஆர்-15க்கு ஒரு நியாயமான்னு கேப்பேன். ஆனா அந்த கேள்விக்கு 'ரெண்டையும் விடு'ன்னும் பதில் சொல்லலாம், 'ரெண்டையும் புடி'ன்னும் சொல்லலாம், அத துப்பாக்கிக்காரங்க யாரும் யோசிக்கற மாதிரி தெரியல.

கடைசியா ரைஃபிள வாங்கின கடையிலயே கன்சைன்மென்ட்ல வித்தேன். எச்1பி சைவக்காரரு எனக்கு குடுங்கன்னாரு, ஆகஸ்ட் 31 ஞாபகம் வந்து மாட்டேன்னுட்டேன். கமிஷன் போக நானூத்தி இருபது கைக்கு வந்துச்சு. தோட்டா மூவர்ஸ் எடுக்க மாட்டாங்க, அத ரேஞ்ச் ஃப்ரெண்டுக்கு குடுத்துட்டேன். மேகசின் அஞ்சும் கடைக்கே குடுத்தாச்சு. குடுத்தாச்சுன்னு தான் நெனச்சேன்.

அமரில்லோ, நியூ மெக்சிகோ, கொலராடோ, வயோமிங், யூட்டா வழியா போய் நாலாவது நாள் ஐடஹோல பாய்சி. மோட்டல்ல பையன் டார்ச் லைட் வேணும்னு கேம்பிங் பைய தொழாவிட்டு "அப்பா இது என்ன"ன்னு கொண்டு வந்து நீட்டறான், முப்பது ரவுண்டு மேகசின், ஆறாவது, எப்பவோ ரேஞ்சுல இருந்து வந்து அந்த பையில போட்டது. உள்ள ஒரு தோட்டாவும் இல்ல, வெறும் பிளாஸ்டிக் டப்பா. ஆனா வாஷிங்டன்ல பத்துக்கு மேல புடிக்கிற மேகசின ஸ்டேட்டுக்குள்ள கொண்டு வரவே கூடாது, 2022 ஜூலையில இருந்து. அது கூட பரவால்ல, இன்னும் நொழையல. கொலராடோல பதினஞ்சு தான் லிமிட், அது 2013ல இருந்தே, அந்த ஸ்டேட்ட தெக்க இருந்து வடக்க முழுசா தாண்டி வந்திருக்கேன், நடுவுல டென்வர்ல இட்லி சாப்பிட வேற நிறுத்தினோம். ரெண்டு வாரம் சட்டம் படிச்சவன் நான்.

காலையில மொத வேலையா பக்கத்துல இருந்த ஒரு துப்பாக்கி கடைக்கு போனேன். பெரிய மீசை வெச்ச பெரியவரு. மேகசின கவுண்டர்ல வெச்சுட்டு எப்படி ஆரம்பிக்கறதுன்னு முழிச்சேன், அவரு வெளிய நின்ன வண்டியோட டெக்சாஸ் நம்பர் பிளேட்ட பாத்தாரு, மேல கட்டி இருந்த சைக்கிள பாத்தாரு. "சியாட்டிலா?"ன்னாரு. ஆமான்னேன். மாசத்துக்கு ரெண்டு மூணு பேராச்சும் இப்படி வர்றாங்கன்னு சொல்லிட்டு கல்லாவ தொறந்து அஞ்சு டாலர் எடுத்து குடுத்தாரு. வேணாங்கன்னேன். பையனுக்கு டோனட் வாங்கி குடுன்னு கையில திணிச்சுட்டாரு.